சோளக்காட்டுக்குள் ஓர் இட்டேரி

நீதிமன்ற உத்தரவு தெளிவாகத்தான் இருந்தது. தாவாவில் கண்ட வண்டித்தடத்தை நேரில் பார்வையிட்டு, அதன் நீள அகலத்தை அளந்து, சர்வேயர் உதவியோடு வரைபடம் தயாரித்து, இரண்டு வாரத்துக்குள் அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும். அட்வகேட் கமிஷனர் தெய்வசிகாமணி அந்தத் தாளை மோட்டார் சைக்கிள் டாங்கின் மேல் விரித்து மூன்றாம் முறையாகப் படித்தார். பிறகு தலையைத் தூக்கிப் பார்த்தார். தடம் இல்லை. சோளம் நின்றது. ஆளை மறைக்கும் சோளம், கிழக்கே நின்ற பாறைக் கரட்டின் அடிவாரம் வரைக்கும் இடைவெளியே இல்லாமல்.

இல்லாத ஒன்றின் நீள அகலத்தை அளப்பது எப்படி என்று சட்டக் கல்லூரியில் அவருக்கு யாரும் சொல்லித் தந்திருக்கவில்லை. சொல்லித் தந்திருந்தாலும் அன்றைக்கு அவர் மாட்டினி ஷோ போயிருப்பார்.

இது அவருக்கு இரண்டாவது கமிஷன். முதலாவதில் நாற்பத்திரண்டு தென்னை மரங்களை ஒவ்வொன்றாக எண்ணி, உயரம் குறித்து, குலை தள்ளியதையும் தள்ளாததையும் தனித்தனியே எழுதி, பதினோரு பக்கத்துக்கு அறிக்கை கொடுத்தார். எண்ணியது பக்கத்துத் தோப்பில். முன்சீப் அம்மா அறிக்கையைப் புரட்டிவிட்டு, "கமிஷனர் மிகவும் நுணுக்கமாகப் பார்த்திருக்கிறார், வேறு இடத்தை" என்று சொல்லி அதை ரத்து செய்தார். பார் அசோசியேஷனில் அவருக்குத் 'தென்னை' என்று பெயர் வைத்து ஒரு வருடம் ஆகிறது. யாராவது இளநீர் குடித்தால்கூட அவர் முகம் மாறிவிடும்.

"இங்கதானுங்க சார்," என்றாள் மரகதமணி. அவள்தான் வாதி. நாற்பது, நாற்பத்திரண்டு வயது. கணவர் வடக்கே லாரி ஓட்டுகிறார், இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வீடு வருவார். "நீங்க நிக்கற எடத்துலதான் இட்டேரி ஆரம்பிக்கும். ரண்டு பக்கமும் கிளுவ வேலி. நேரா தெக்க போயி என்ற காட்டுக்குள்ள எறங்கும். போன ஆடியில மிஷின உட்டு வேலியப் புடுங்கி, ஒரே நாள்ல உழுதுபோட்டு சோளத்தத் தூவீட்டாங்க."

அவளுடைய நாலு ஏக்கர் அந்தச் சோளக்காட்டுக்குத் தெற்கே இருந்தது. தார்ரோட்டிலிருந்து அங்கே போக வேறு வழி கிடையாது. தடம் போனதிலிருந்து டிராக்டர் போகவில்லை, விதை போகவில்லை, காடு தரிசாகக் கிடந்தது. நிலத்துக்கு என்ன விலை எதிர்பார்க்கிறாள் என்று சோளக்காட்டுக்காரர் இரண்டு முறை ஆள் விட்டுக் கேட்டாகிவிட்டது. தடம் கிடைத்தால் காடு அவளுடையது. கிடைக்காவிட்டால் வெள்ளாமை இல்லாத காட்டை விற்றுத்தான் ஆகவேண்டும்; இந்தத் தை மாதத்துக்குள் அது அவருடையதாகிவிடும்.

அவர் என்பது சென்னியப்பன். பிரதிவாதி. மரகதமணியின் கணவருக்குப் பெரியப்பா மகன். அறுபதைத் தாண்டியவர். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, சட்டைப்பையில் பட்டா நகல். பத்தடி தள்ளி நின்று, சிகாமணியைப் பார்த்தே பேசினார்.

"சார், அந்தம்மாகிட்டச் சொல்லுங்க. எங்கப்பாரு காலத்துல இருந்து இது வெறுங்காடுதானுங்க. தடமாவது கிடமாவது."

"சார், அவுருகிட்டச் சொல்லுங்க. பொய் சொன்ன வாய்க்குப் போசி நெறையாச் சோறு கெடைக்காதுன்னு."

"ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் பாத்தே பேசலாமுங்களே?"

"கேசு நடக்குதுங்களே!" என்றார்கள் இருவரும் ஒரே குரலில். பிறகு ஒரே குரலில் சொல்லிவிட்டதற்காக இருவருமே முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

சிகாமணி கடமை தவறாமல் சோளத்துக்குள் நுழைந்தார். உள்ளே போனதும் உலகமே சோளத்தாளாகிவிட்டது. இடதும் வலதும் ஒன்றுபோல் இருந்தன. காலடியில் மண் ஓரிடத்தில் இறுகியிருந்தது மாதிரி தோன்றியது. ஷூ கடித்ததால்கூட அப்படித் தோன்றியிருக்கலாம். இருபது நிமிடம் கழித்து, புகுந்த இடத்துக்கு நாற்பதடி தள்ளி, முதுகெல்லாம் அரிப்போடு வெளியே வந்து, நோட்டில் எழுதினார்: 'சோளப்பயிர் காணப்படுகிறது.' அந்த ஒரு வரியைப் பார்க்க அவருக்கே வெட்கமாக இருந்தது. மரகதமணி எட்டிப் பார்த்துப் படித்துவிட்டு, முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு தள்ளிப் போனாள். ஏதாவது திட்டியிருந்தால் தேவலை என்று பட்டது.

சர்வேயர் கோகிலவாணி இதற்குள் காட்டோரம் குனிந்து எதையோ தேடிக்கொண்டிருந்தார். இருபது வருட சர்வீஸ். வெயிலுக்குத் தலையில் துண்டு, கையில் நில அளவைப் புலப்படம், வாயில் ஏலக்காய்.

"வடமேற்கு மூலைக் கல்லக் காணோம்," என்றார். "வடகிழக்கும் இல்ல. கல்லு இல்லாம நான் எங்க இருந்துங்க அளக்கறது?"

"எலி கிலி தோண்டியிருக்குமுங்க," என்றார் சென்னியப்பன்.

"மூணடிக் கருங்கல்லுங்க அது. எலி தோண்டி எடுத்து, மண்ணையும் மூடி, மேல சோளமும் வெதச்சுட்டுப் போச்சாக்கும்?"

"எங்கூர் எலிக நெம்ப வெவரமுங்க மேடம்."

காருக்குள் குளிர்காற்றில் உட்கார்ந்திருந்த சென்னியப்பனின் வக்கீல் வையாபுரி இதைக் கேட்டுக் கண்ணாடியை இறக்கிப் புன்னகைத்தார். கல் இல்லையென்றால் அளவு இல்லை. அளவு இல்லையென்றால் வாய்தா. நாலு வாய்தா போனால் தை மாதம் வந்துவிடும். முப்பது வருடமாக அவர் இந்தக் கணக்கில்தான் வீடு கட்டியிருக்கிறார்.

கோகிலவாணி ஏலக்காயைத் துப்பினார். "பரவாயில்ல. கரட்டு உச்சியில பாறையில வெட்டுக்குறி ஒண்ணு இருக்கு. அந்தக் காலத்து சர்வேக்காரங்க போட்டது. அதை எந்த எலியும் தோண்ட முடியாது. அங்க இருந்து இழுத்துட்டு வந்துக்கலாம்."

சென்னியப்பனுடைய முகத்தில் லேசாக ஒரு சுருக்கம் விழுந்தது. வையாபுரி அண்ணாந்து கரட்டைப் பார்த்தார், தம் முழங்காலைப் பார்த்தார். "கமிஷனர் சார், நான் இங்கயே இருக்கறேன். ஏனுங்க சென்னியப்பன், கூடப் போயி என்ன பண்றாங்கன்னு பாத்துட்டு வாங்க. எதுலயும் கையெழுத்து மட்டும் போட்டுறாதீங்க."

கரடு ஒன்றும் பெரிய மலை இல்லை. ஆனால் சிகாமணிக்கு நீதிமன்ற மாடிப்படியே பெரிய மலைதான். முதல் பாறையில் மூச்சு வாங்கியது. இரண்டாவதில் கறுப்புக் கோட்டைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டார். மூன்றாவதில், வக்கீல் தொழிலுக்கு வந்ததே தப்பு, மாமனார் சொன்ன நூல் கடையிலேயே உட்கார்ந்திருக்கலாம் என்று முடிவு செய்தார். கோகிலவாணி முன்னால் ஆடு மாதிரி ஏறிப் போனார். மரகதமணி செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டாள். சென்னியப்பன் அறுபது வயதிலும் மூச்சு வாங்காமல் ஏறி, "கையக் குடுங்க சார்" என்று சிகாமணியை இரண்டு இடத்தில் இழுத்தும் விட்டார். பிரதிவாதியின் கையைப் பிடித்து ஏறுவது நடுநிலைமைக்குப் பங்கமா என்று யோசிக்கிற நிலைமையில் சிகாமணி அப்போது இல்லை.

உச்சிக்குப் போகும்போது மணி ஐந்தே கால். கோகிலவாணி பாறையைக் கையால் தேய்த்து வெட்டுக்குறியைத் தேடத் தொடங்கினார். சிகாமணி உட்கார்ந்து, பாட்டிலில் இருந்த தண்ணீரைப் பாதி வாய்க்குள்ளும் பாதி சட்டைக்குள்ளும் ஊற்றிக்கொண்டு, மேற்கே திரும்பினார்.

பாட்டில் கையிலேயே நின்றுவிட்டது.

கீழே சோளக்காடு, சாய்ந்த வெயிலில் பொன் பூசினாற்போல் கிடந்தது. அதற்கு நடுவே, தார்ரோட்டிலிருந்து தெற்கு நோக்கி, ஒரு தடம் போய்க்கொண்டிருந்தது. சந்தேகத்துக்கே இடமில்லை. அந்தப் பட்டையில் மட்டும் சோளம் நாலு விரல் குட்டை. கதிர் பழுத்து வெளிறியிருந்தது. மேற்கேயிருந்த உயரப் பயிரின் நிழல் அதன் மேல் விழுந்து, கத்தியால் கீறிவிட்டது மாதிரி விளிம்பு தெரிந்தது. அதன் இருபுறமும் இரண்டு கரும்பச்சைக் கோடுகள், பிசிறில்லாமல் கூடவே ஓடின. கிளுவை வேலி நின்ற இடம். எத்தனையோ வருடத்துத் தழை உதிர்ந்து மக்கின மண்ணில் சோளம் கொழுத்து நின்றது. நடுவில் வண்டிச்சக்கரம் இறுக்கிய மண்ணில் வேர் இறங்க முடியாமல் பயிர் ஏங்கி நின்றது. மிஷின் வந்து வேலியைப் பிடுங்கியது, கலப்பை உழுதது, விதை தூவியது, எல்லாம் நடந்தும் இட்டேரி எழுந்து எங்கும் போகவில்லை. சோளத்தையே எடுத்து மேலே போர்த்திக்கொண்டு படுத்திருந்தது.

அதைவிடப் பெரிய விஷயம், அது நிற்கவில்லை.

மரகதமணியின் தரிசுக்குள் நுழைந்தது. அங்கே புல் முன்கூட்டியே காய்ந்த ஒரு சாம்பல் பட்டையாக மாறியது. அதைத் தாண்டி யாருடைய கம்பங்காட்டிலோ மஞ்சளாக, அதற்கப்புறம் கொள்ளுக்காட்டில் வெளிர்ப் பச்சையாக, குளத்தங்கரையில் ஒரு சின்னப் பள்ளமாக, அதையும் தாண்டி ஊர் ஊராக, வேலிகளை மதிக்காமல், பட்டா எண்களை மதிக்காமல், மெலிந்து மெலிந்து நீலப் புகைக்குள் போய்க் கரைந்தது. சிகாமணி வடக்கே பார்த்தார். அங்கேயும் இருந்தது. தார்ரோடு என்று ஒன்று இருப்பதே தெரியாதது போல அதைக் குறுக்கே தாண்டி, அடிவானம் வரை.

அவருக்குக் கையில் மயிர் சிலிர்த்தது. எத்தனை காளைகள், எத்தனை சக்கரங்கள், எத்தனை கல்யாணக் கூட்டம், எத்தனை பாடை. ஒரு கால் மிதித்தால் ஒன்றும் ஆகாது. ஒரு கோடிக் கால் மிதித்தால் மழையும் கலப்பையும் சேர்ந்தாலும் அழிக்க முடியவில்லை. கீழே நின்று பார்த்த அவருக்கு அது ஒரு துளிகூடத் தெரியவில்லையே என்பதும் கூடவே உறைத்தது. ஏற்கெனவே அவர் நோட்டில் எழுதியிருந்த வரியை மெதுவாகக் கையால் மறைத்துக்கொண்டார்.

"மேடம்," என்றார். கையை ஆட்டிக் கூப்பிட்டார். "மேடம், இங்க வாங்க."

கோகிலவாணி, அகப்பட்ட வெட்டுக்குறியின் மேல் அடையாளத்துக்கு ஒரு கல்லை வைத்துவிட்டு வந்தார். புலப்படத்தைப் பார்த்தார், கீழே பார்த்தார், மறுபடி புலப்படத்தைப் பார்த்தார். பிறகு அதைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். "இருபது வருச சர்வீசுல இப்படி ஒண்ணப் பாத்ததில்லீங்க," என்று மட்டும் சொன்னார்.

மரகதமணி வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். சென்னியப்பன் கடைசியாகத் திரும்பினார். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டிருந்த கை அப்படியே இடுப்பில் நின்றது.

சிகாமணிக்கு அப்போதுதான் தாம் கமிஷனர் என்பது நினைவு வந்தது. போனை எடுத்துப் படம் பிடித்தார். எதிர் வெயில். திரையில் பச்சையாக ஒரு கம்பளியும், அதற்கு மேல் பளீரென்று ஒரு பல்ப்பும் தெரிந்தன. மறுபடி எடுத்தார், கையால் மறைத்து எடுத்தார், படுத்துக்கொண்டு எடுத்தார். கம்பளிதான் வந்தது. தடம் வரவில்லை. கோகிலவாணியின் போனிலும் அப்படியே.

"பொழுது எறங்கீட்டா நெழலும் போயிரும்," என்றார் கோகிலவாணி. "இன்னொரு கால் மணி நேரம் இருக்கும், அவ்வளவுதான்."

நாளைக்கு வரலாம். ஆனால் நாளைக்குச் சோளம் நிற்குமா? கதிர் முற்றாவிட்டாலும் தீவனத்துக்கென்று ஒரே நாளில் அறுத்துவிடலாம். அப்புறம் தென்னை வக்கீலின் வார்த்தை ஒன்றுதான் மிச்சம். 'கரட்டு மேல் ஏறிப் பார்த்தேன், தெரிந்தது' என்று எழுதினால், "இந்தத் தடவை எந்தத் தோப்பு?" என்று கோர்ட்டே சிரிக்கும். மரகதமணியின் நாலு ஏக்கர் அந்தச் சிரிப்போடு போய்விடும்.

கீழே காரில் ஹாரன் ஒலித்தது. வையாபுரிக்கு நேரமாகிவிட்டது.

சென்னியப்பன் அசையவில்லை. சோளக்காட்டின் நடுவில் ஓரிடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நேராக வந்த தடம் அங்கே மட்டும் காரணமே இல்லாமல் மேற்கே வளைந்து, மறுபடி நேராகியது. வெறும் சோளத்துக்கு நடுவில் எதைச் சுற்றிப் போகிறது என்று சிகாமணிக்கு விளங்கவில்லை.

"அது ஏனுங்க அங்க வளையுது?" என்றார், யாரையும் குறிப்பாகக் கேட்காமல்.

"ஊஞ்ச மரம்," என்றார் சென்னியப்பன். தூக்கத்தில் பேசுகிறவர் போல. "அங்கொரு ஊஞ்ச மரம் நின்னுச்சுங்க. வண்டியெல்லாம் அதச் சுத்தித்தான் போகோணும். நான் ஏழு வயசுல எங்கய்யனுக்குத் தெரியாம வண்டிய ஓட்டிட்டுப் போயி அதுல மோதி, நொகத்தடி முறிஞ்சு... எங்கய்யன் அந்த மரத்துலயே கட்டி வெச்சு உரிச்செடுத்துட்டாரு."

"அது ஊஞ்ச இல்லீங் மாமா, வெள்வேலு," என்றாள் மரகதமணி.

"உனக்கென்ன அம்மிணி தெரியும், நீ வாக்கப்பட்டு வரும்போது மரத்த வெட்டிப் பத்து வருசமாச்சு. ஊஞ்சதான். அடி வாங்குனவன் நானு."

சொல்லி முடித்த பிறகுதான் தாம் என்ன சொன்னோம் என்பது அவருக்குப் புரிந்தது. மூவரும் தம்மைப் பார்ப்பதைப் பார்த்தார். கீழே ஹாரன் மறுபடி அலறியது.

வேறொரு கமிஷனராக இருந்திருந்தால் அந்த நிமிடமே பேனாவைத் திறந்திருப்பார். சிகாமணிக்கு மனசு வரவில்லை. வாய் தவறி வந்ததை எழுதுவது, தூங்குகிறவன் பையில் கை விடுகிற மாதிரி இருந்தது. அதோடு கமிஷனர் சாட்சி வாங்கக் கூடாது; இடத்தைப் பார்த்து, கண்ணுக்குத் தெரிவதைத்தான் எழுத வேண்டும். கூட இருந்த இரண்டு தரப்பும் அதைப் பார்த்ததாகக் கையெழுத்துப் போட்டால் மட்டும் போதும்.

நோட்டில் புதுப் பக்கம் திருப்பி, சென்னியப்பனிடம் சொன்னார். "ஊஞ்ச மரக் கதைய நான் எழுதலீங்க. அத இந்தம்மா வக்கீலு கோர்ட்டுல கேக்கட்டும். நான் கண்ணுல பாத்தத எழுதறேன். தார்ரோட்டுல இருந்து தெக்கால, ரண்டு வேலித்தடத்துக்கு நடுவுல, குட்டப் பயிரா ஒரு தடம் தெரியுதுன்னு. உங்குளுக்கும் தெரிஞ்சா கையெழுத்துப் போடுங்க. தெரியலீன்னா, 'எனக்குத் தெரியலை'ன்னு எழுதிக் கையெழுத்துப் போடுங்க. அதையும் நான் அப்படியே கோர்ட்டுல குடுத்துருவேன்."

பிறகு மரகதமணியிடம் திரும்பினார். "அம்மா, உங்குளுக்கும் ஒண்ணு சொல்லோணும். பிராதுல தடம் உங்க காட்டோட முடியுதுன்னு போட்டிருக்கீங்க. இது முடியலீங்க. உங்க காட்டுக்குள்ளயும் பூந்து போவுது. அதையும் எழுதுவேன். நாளைக்கு அக்கட்ட இருந்து யாராச்சும் வந்து எங்களுக்கும் தடம் உடுங்கன்னா, இந்தத் தாளத்தான் காட்டுவாங்க. உங்க வக்கீலு என்னைத் திட்டுவாரு."

மரகதமணி தன் தரிசைப் பார்த்தாள். அதன் நடுவில் கிடந்த சாம்பல் பட்டை, அவள் மாமனார் காலத்தில் உழுது மூடியதாக இருக்கலாம், அதற்கும் முந்தி இருக்கலாம். அவளே தன் கையால் அதன் மேல் விதைத்திருக்கிறாள். நாலு ஏக்கரும் முழுசாக வேண்டும் என்றுதான் அவள் கோர்ட்டுப் படி ஏறினாள்.

"எழுதுங்க சார்," என்றாள். "அவுரு காட்டுல தெரிஞ்சது என்ற காட்டுல தெரியலீன்னு சொன்னா, கண்ணு ரண்டும் அவிஞ்சு போயிரும்."

எழுதி அவளிடம் நீட்டினார். பாறையில் தாளை வைத்து நிதானமாகக் கையெழுத்துப் போட்டாள். பேனா சென்னியப்பனிடம் போனது.

அவர் வாங்கிக்கொண்டு மறுபடி மேற்கே பார்த்தார். வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. நிழல் நீள நீளத் தடம் இன்னும் ஆழமாகிக்கொண்டே வந்தது. பார்க்கப் பார்க்கச் சோளத்துக்குள் பள்ளம் விழுந்து, வேலி எழுந்து, யாரோ இப்போதுதான் வண்டி ஓட்டிப் போனது போலிருந்தது. தெற்கே அது புகைக்குள் மறைகிற இடத்தில் அவர் கண் நின்றது.

"இது எங்கீங்க போவுது?" என்றார். குரலில் வழக்கு இல்லை.

"தெரியலீங்க," என்றார் சிகாமணி. "உத்தரவுல அவ்வளவு தூரம் போடலீங்க."

"அறுவது வருசமா இந்தக் காட்டுல கெடக்கறேன். ஒரு நாளும் இந்தக் கரட்டுல ஏறுனதில்ல பாருங்க." ஹாரன் மூன்றாவது முறை அடித்தது. சென்னியப்பன் கீழே பார்த்து, "அட இருய்யா!" என்றார். அந்தச் சத்தம் காருக்குக் கேட்டிருக்காது. பிறகு தாளில், சிகாமணி எழுதியதற்குக் கீழே, யாரும் கேட்காமலேயே இரண்டு வார்த்தை தாமாக எழுதினார்: 'தடம் தெரிகிறது.' அதற்கடியில், ஒவ்வொரு எழுத்தாக அழுத்தி, முழுப்பெயர்.

சூரியன் ஒரு பனைமரத்துக்குப் பின்னால் இறங்கியது. ஒரே நொடியில் கீழே எல்லாம் வெறும் சோளக்காடாகிவிட்டது. சிகாமணி கண்ணைக் கசக்கிக்கொண்டு தேடிப் பார்த்தார். ஒன்றுமே இல்லை. கையிலிருந்த தாளைப் பார்த்தார். இருந்தது.

இருட்டுவதற்குள் இறங்கத் தொடங்கினார்கள். பாதி வழியில் மரகதமணி மெல்லக் கேட்டாள், "தடம் கெடச்சிருமுங்களா சார்?"

"நான் எழுதறவன்தானுங்க அம்மா. சொல்றது கோர்ட்டு."

முன்னால் போய்க்கொண்டிருந்த சென்னியப்பன் திரும்பாமலேயே சொன்னார். "இப்பக் கொண்டாந்து டிராக்டர உட்டுறாத அம்மிணி. கதிர் வெச்சிருக்குது. பதினஞ்சு நாள் பொறு, அறுத்துப்போட்டு உடறேன். அதுக்கப்புறம் ஓட்டிக்க."

மரகதமணி ஓரிடத்தில் நின்றாள். பிறகு வேகமாக இறங்கி அவருக்குப் பின்னால் வந்து சேர்ந்தாள்.

"எத்தன அடி உடுவீங்?"

"பத்தடி."

"பத்தடிங்களா? மேல இருந்து பாக்கறப்பப் பன்னெண்டு அடிக்கு ஒரு நூல் கொறையல."

"மேல இருந்து பாத்தா எல்லாமே பெருசாத்தான் தெரியும்."

"மேல இருந்து பாத்தா எல்லாமே சின்னதாத்தானுங்க தெரியும் மாமா! அப்ப நெசத்துல பதினஞ்சு அடி இருக்கும்."

"ஏனுங்க கமிஷனர் சார், பாருங்க, பத்தடி குடுத்தா பதினஞ்சு கேக்கறா..."

சிகாமணி அப்போது ஒரு பாறையிலிருந்து உட்கார்ந்த வாக்கில் சறுக்கி இறங்கிக்கொண்டிருந்தார். ஒரு கையில் கோட்டு, மறுகையில் அந்தத் தாள், நனையாமல், கசங்காமல், தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தபடி.

"ரண்டு பேரும் செத்த நிறுத்துங்க," என்றார் கோகிலவாணி. "காலைல நான் டேப்பு போட்டுச் சொல்றேன். இப்பக் கீழ பாத்து எறங்குங்க."